கரிசல் மண்ணின் இயல்பு

ஐம்பூதங்களை எண்ணப் புகுந்த நம் முன்னோர் நிலத்தை முதற்கண் வைத்தனர். அது தக்கதே. நாம் உண்ணும் உணவும், உடுக்கும் பருத்தியாடையும், இருக்கும் மனையும் மண்ணினின்றும் எழுந்தனவேயாம். ஆயினும், காலின்கீழ்க் கிடப்பது எதுவோ அது கருத்தில் இறுதியாக ஏறுவதே உலக வழக்கு. வான மீன்களின் பெயர்களைத் தடையின்றிக் கூறவல்ல மாணவர் பலர், தம் ஊர் மண் எவ்வெப் பொருள்களால் ஆயது என்று வினவினால் விடை கூறத் தயங்குவர். ஆதலின், மணியாச்சி முதல் வடக்கே கோவிற்பட்டி, சாத்தூர் வரையிலும், கிழக்கே எட்டையபுரம், விளாத்திகுளம் வரையிலும் பரந்து கிடக்கும் கரிசல் நிலத்தை எடுத்துக்கொண்டு, அதன் இரசாயன அமைப்பையும் பௌதிக இயல்புகளையும் இக்கட்டுரையில் ஒருவாறு ஆராய்வோம்.

மதுரையினின்று தெற்கே வரும் இருப்புப்பாதை, தூத்துக்குடிக்கும் திருநெல்வேலிக்கும் என இரண்டாகப் பிரியும் இடம் மணியாச்சி. மண்ணைப்பற்றிப் பயில்வோருக்கும் அஃது ஒரு சந்திப்பேயாகும். வடக்கே கடம்பூரையும் கோவிற்பட்டியையும் நோக்கிச் செல்வோர் இருமருங்கும் கருநிலத்தைக் காண்பர். தெற்கே செல்லச் செல்லச் செந்நிலமும் பாறையும் தலைகாட்டும்; தாழையூத்தில் சுண்ணாம்புக்கல் வெட்டியெடுக்கப்படுதலைக் காணலாம். கிழக்கே தூத்துக்குடியை அணுகினாலோ மணலும் உப்பளமும் எதிர்ப்படும். ஒரே வெயிலும் ஏறக்குறைய ஒரே மழையும் பெறும் இச்சிறு வட்டத்தில், மண் ஓரிடத்துக் கறுத்தும் ஓரிடத்துச் சிவந்தும் இருப்பது ஏன்? இது நம் முதல் வினா.

இரண்டாம் வினா இதனினும் பயனுடையது. கரிசல் மண் கறுத்திருப்பதே அதன் வளத்திற்குச் சான்று என்றும், கரிசலுக்கு எரு வேண்டுவதில்லை என்றும் எண்ணுவோர் உளர். கருமைக்கும் வளத்துக்கும் மெய்யாகவே தொடர்பு உண்டா? இதனை அறியாது நிலத்தை நடத்துவோமாயின், நம் மக்களுக்கு நாம் விட்டுச் செல்லும் நிலம் எத்தகையதாயிருக்கும் என்பதையும் நாம் எண்ணிப் பார்த்தல் வேண்டும்.

மண் என்பது யாது?

பிரஸ்ஸல்ஸ் நகரத்தவரான வான் ஹெல்மாண்ட் என்னும் அறிஞர், ஒரு தொட்டியில் 200 பவுண்டு உலர்ந்த மண்ணை இட்டு, 5 பவுண்டு நிறையுள்ள ஒரு மரக்கன்றை நட்டு, ஐந்து ஆண்டுகள் நீர் மட்டும் ஊற்றி வளர்த்தார். ஐந்தாண்டின் இறுதியில் மரம் 169 பவுண்டு நிறை கொண்டது. மண்ணோ ஏறத்தாழ 2 அவுன்ஸ் மட்டுமே குறைந்திருந்தது. 1648-ல் அச்சேறிய அவர் நூலில் காணப்படும் இச்சோதனையினின்றும், மரம் முழுவதும் நீராலாயது என்று அவர் முடிவு கட்டினார். அம்முடிவு முற்றும் சரியன்று. தாவர உடலின் பெரும்பகுதி காற்றிலுள்ள கரியமில வாயுவினின்றும் நீரினின்றும் ஆவது என்பதைப் பிற்காலத்தார் நிறுவினர். ஹெல்மாண்ட் பொருட்படுத்தாது விட்ட அந்த 2 அவுன்ஸிலேதான் மண்ணின் மருமம் அடங்கியுள்ளது. நைட்ரஜன், பாஸ்பரஸ், பொட்டாசியம், சுண்ணகம், மக்னீசியம், கந்தகம், இரும்பு, துத்தநாகம் முதலியன மிகச் சிறு அளவினவாயினும், இவற்றுள் ஒன்று குறைந்தாலும் பயிர் தழையாது.

இனி, மண்ணின் உறுப்புக்கள் நான்கு: பாறையினின்றும் பிரிந்த கனிப்பொருள், உயிர்ப்பொருள் மக்கி உண்டான மக்கு, நீர், காற்று. நல்ல விளைநிலத்தின் மேல்மண்ணில் ஏறக்குறையப் பாதியிடமே கெட்டிப்பொருள்; எஞ்சிய பாதி நீரும் காற்றும் நிறையும் நுண்புழைகளாம். இதனைக் கணக்கிட்டும் காணலாம். மண்துகளின் அடர்த்தி ஒரு கன சென்டிமீட்டருக்கு 2.65 கிராம். நிலத்திற் கிடந்தவாறே எடுத்த மண்ணின் அடர்த்தி 1.3 கிராம் எனக் கொண்டால், நூற்றுக்கு 51 பங்கு வெற்றிடம் என்பது பெறப்படும். நாம் கெட்டியென்று மிதிக்கும் நிலத்திற் பாதி, நீருக்கும் காற்றுக்கும் விட்ட இடமே.

கனிப்பொருளை இரசாயன முறையாற் பகுத்தால், நிலவுலகின் மேலோட்டில் நிறையளவில் நூற்றுக்கு 47 பங்கு பிராணவாயுவும், 28 பங்கு சிலிக்கானும், 8 பங்கு அலுமினியமும், 5 பங்கு இரும்பும் காணப்படும். சுண்ணகம், சோடியம், பொட்டாசியம், மக்னீசியம் ஆகிய நான்கும் சேர்ந்து ஏறக்குறைய 11 பங்காகும். கருமண்ணாயினும் செம்மண்ணாயினும் இப்பொருள்களே அவற்றின் அடிப்படை. ஆதலின், எத்தனை பங்கு உள்ளது என்று கேட்பதோடு நில்லாது, எவ்வாறு அடுக்கப்பட்டுள்ளது என்றும் கேட்டல் வேண்டும். ஒரே செங்கல்லால் கிணறும் கட்டலாம், கோபுரமும் கட்டலாம் அன்றோ?

ஒரு பாறையின் இரு பிள்ளைகள்

மகாராட்டிர நாட்டுக் கரிசல், பண்டு எரிமலைக் குழம்பு உறைந்து உண்டான கரும்பாறையினின்றும் பிறந்தது. அதுகொண்டு எல்லாக் கரிசலும் எரிமலைப் பாறையின் வழித்தோன்றல் என்று கருதுவோர் உண்டு. நம் பக்கத்தில் அத்தகைய பாறை இல்லை. இங்குள்ளவை மிகப் பழமையான பளிங்குப் பாறைகளும், வரியோடிய நைஸ் என்னும் பாறைகளும், அவற்றின் இடையிடையே அமைந்த சுண்ணாம்புக்கற் படிவுகளுமாம். இவற்றினின்றே செம்மண்ணும் பிறந்தது, கருமண்ணும் பிறந்தது.

அது நிகழ்ந்தவாறு பின்வருமாறு: மழைநீர் மேட்டுநிலத்துப் பாறையை ஊறவைத்துச் சிறிது சிறிதாகக் கரைக்கின்றது. கரைந்த சுண்ணகம், மக்னீசியம், சிலிக்கா ஆகியவற்றை நீர் தன்னொடு தாழ்நிலத்துக்குக் கொண்டு செல்கின்றது. மேட்டில் எஞ்சுவன கரையாத இரும்புத் துருவும் எளிய களிப்பொருளுமே. அதனால் மேடு சிவக்கின்றது. நீர் வடியாது தேங்கும் தாழ்நிலத்திலோ, வந்து சேர்ந்த பொருள்கள் யாவும் கோடை வெயிலில் வற்றிச் செறிந்து, ஒன்றோடொன்று கூடி, ஒரு புதுவகைக் களியாக அமைகின்றன. அக்களியே கரிசலின் உயிர்நிலை. மிகுதியான சுண்ணகம் கரியமில வாயுவோடு சேர்ந்து வெண்ணிறமான சுக்கான்கல்லாக மண்ணினூடே திரள்கின்றது. கிணறு வெட்டும்போது கருமண்ணுக்கு அடியில் வெள்ளைச் சுக்கான் படலம் காணப்படுதல் இதனாலேயே. மழை மிகுந்து பெய்யும் மலைநாட்டில் சுண்ணகம் கடலுக்கு அடித்துச் செல்லப்படும். மழையே இல்லாத பாலையில் பாறை கரைவதே அரிது. ஆண்டுக்கு ஏறத்தாழ 700 மில்லிமீட்டர் மழையும், அதிற் பாதிக்கு மேற்பட்டது ஐப்பசியை ஒட்டிய வடகிழக்குப் பருவத்திலும் பெறும் நம் வறண்ட நிலமே கரிசல் தோன்றுதற்கு ஏற்ற இடமாயிற்று.

துகளின் நுண்மை

மண்துகளை அளவுபற்றி மூவகையாகப் பிரிப்பர். 2 மில்லிமீட்டர் முதல் 0.02 வரை மணல், 0.02 முதல் 0.002 வரை வண்டல். அதனினும் நுண்ணியது களி. கரிசல் மண்ணில் நூற்றுக்கு 40 முதல் 60 பங்கு களி உண்டு. நுண்மையால் வரும் பயனை ஓர் எளிய கணக்கால் உணரலாம். ஒரு சென்டிமீட்டர் பக்கமுள்ள ஒரு கனசதுரக் கல்லின் மேற்பரப்பு 6 சதுர சென்டிமீட்டர். அதனை ஒரு மில்லிமீட்டர் பக்கமுள்ள ஆயிரம் சிறு கற்களாக வெட்டினால் மொத்தப் பரப்பு 60 சதுர சென்டிமீட்டராகும். மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு பக்கமுள்ளனவாக வெட்டினாலோ, அது 60,000 சதுர சென்டிமீட்டர், அதாவது 6 சதுர மீட்டர் ஆகிவிடும். கல் அதுவே, ஆயின் பரப்போ பதினாயிரம் மடங்கு. நீரும் உணவும் துகளின் பரப்பிலே ஒட்டிக்கொள்வன ஆதலின், பரப்பு மிகுந்த மண்ணே அவற்றை மிகுதியாகத் தாங்கவல்லது.

ஏட்டுச்சுவடி போன்ற களி

களிமண்துகள் வடிவற்ற பிசின் போன்றது என்றே நெடுங்காலம் கருதப்பட்டது. 1930-ஐ ஒட்டிய ஆண்டுகளில் எக்ஸ் கதிர்களைச் செலுத்தி ஆராய்ந்தபோது, அஃது ஒழுங்காக அடுக்கப்பட்ட படிகம் என்பது வெளியாயிற்று. பனைநாட்டினராகிய நமக்கு அவ்வமைப்பை விளக்க ஏட்டுச்சுவடியே ஏற்ற உவமையாகும். ஒவ்வொரு துகளும் பல ஏடுகளை அடுக்கிய ஒரு சுவடி. செம்மண்ணில் மிகுந்துள்ள கயோலின் என்னும் களியின் ஏடுகள், இறுகக் கட்டிய சுவடியைப்போல் ஒன்றையொன்று விடாது பற்றியிருக்கும். இடையே நீர் நுழையாது. கரிசலில் உள்ளதோ, பிரான்ஸ் தேசத்து மாண்ட்மொரில்லான் என்னும் ஊரின் பெயரால் மாண்ட்மொரில்லனைட் என்று வழங்கும் இனத்தைச் சார்ந்த களி. இதன் ஒவ்வோர் ஏடும், சிலிக்கா அடுக்கு இரண்டின் நடுவே அலுமினா அடுக்கு ஒன்று அமைந்த முப்படலமாகும். இவ்வேடுகள் கயிறு தளர்ந்த சுவடியை ஒப்பன. நீர் கிடைத்தால் அஃது ஏடுகளினிடையே புகுந்து அவற்றை விலக்கும். வற்றினால் ஏடுகள் மீண்டும் நெருங்கும்.

இதனால் விளையும் வேறுபாடு வியப்புக்குரியது. ஒரு கிராம் கயோலினின் பரப்பு 10 முதல் 20 சதுர மீட்டர். ஒரு கிராம் மாண்ட்மொரில்லனைட்டின் பரப்பு, ஏடுகளின் உட்புறத்தையும் சேர்த்து, 700 முதல் 800 சதுர மீட்டர். கையளவு கரிசலைப் பிடிப்பவர், பல காணி நிலத்தின் பரப்பைக் கையிற் பிடித்தவராவர்.

நனைந்த கரிசல் பருத்தலும், உலர்ந்த கரிசல் வெடித்தலும் இவ்வமைப்பின் விளைவே. கோடையில் கைபுகும் அகலமும், ஒரு மீட்டர் அளவு ஆழமும் உள்ள பிளவுகள் தோன்றும். காற்றும் கால்நடையும் மேல்மண்ணைப் பிளவினுள் தள்ள, மழை வந்ததும் பிளவு மூட, அடிமண் நெருக்குண்டு மேலெழும். இவ்வாறு ஆண்டுதோறும் தன்னைத் தானே புரட்டிக்கொள்ளும் மண் ஆதலால், திருப்புதல் என்னும் பொருளுடைய இலத்தீன் சொல்லினின்றும் எடுத்து, வெர்ட்டிசால் என்று இம்மண்ணினத்துக்கு அறிஞர் பெயரிட்டுள்ளனர். மனை கட்டுவோருக்கு இது பெருந்துன்பம். மேலோட்டமாக இட்ட அடித்தளத்தை மண் ஆண்டுக்கொருமுறை தூக்கியும் இறக்கியும் சுவரைப் பிளந்துவிடும். ஆதலால் கருமண்ணைத் தோண்டியெறிந்து சரளை நிரப்பியோ, ஈரமாறுதல் எட்டாத ஆழத்தில் அடிபருத்த தூண்களை இறக்கியோ கட்டுதல் வேண்டும்.

கொடுத்தலும் வாங்கலும்

யார்க்ஷயர் நாட்டு நிலக்கிழார் தாம்ஸன் என்பவர், எருக்குழியின் சாறு மண்ணினூடே வழிந்தும் தன் உரச்சத்தை இழப்பதைக் கண்டு வியந்தார். அம்மோனியா சேர்ந்த உப்புநீரை மண் நிறைந்த குழாயில் ஊற்றினால், அடியில் வடிவது அம்மோனியாவன்று, சுண்ணக உப்பு என்று கண்டார். 1850-ல் அவரும், இரசாயன நூலறிஞர் தாமஸ் வே என்பவரும் இதனை வெளியிட்டனர். மண் வெறும் வடிகட்டி அன்று; அம்மோனியாவை வாங்கிக்கொண்டு அதற்கு ஈடாகச் சுண்ணகத்தைக் கொடுக்கும் வணிகனைப் போன்றது என்பது இதனால் தெளிவாயிற்று.

களி ஏட்டில் அலுமினியம் இருக்க வேண்டிய சிலவிடங்களில் மக்னீசியம் அமர்ந்திருப்பதால், ஏடு எதிர்மின்னேற்றம் உடையதாகின்றது. நேர்மின்னேற்றமுடைய சுண்ணகம், மக்னீசியம், பொட்டாசியம், அம்மோனியம் ஆகியவற்றை அது பற்றி வைத்துக்கொண்டு, வேர் கேட்கும்போது மாற்றிக் கொடுக்கின்றது. இம்மாற்றுத்திறனில் மாண்ட்மொரில்லனைட், கயோலினைப்போற் பத்து மடங்கு வலியது. கரிசல் பொட்டாசியத்தில் குறைவற்றிருப்பதும், மழையால் உப்புச்சத்துக்களை எளிதில் இழவாதிருப்பதும் இதனாலேயே. கரிசலின் மெய்யான செல்வம் இஃதே ஆகும்.

ஆயினும் வைத்துக்கொள்ளுதல் வேறு, கொடுத்தல் வேறு. கரிசலில் சுண்ணகம் மிகுதியால் காரத்தன்மை ஓங்கி நிற்கும். நடுநிலை 7 எனும் அளவுகோலில் கரிசல் பெரும்பாலும் 8-ஐ ஒட்டியும் அதற்கு மேலும் இருக்கும். அக்காரத்தில் நாம் இடும் பாஸ்பரஸ் சுண்ணகத்தோடு கூடிக் கரையாப் பொருளாய் உறைந்துவிடும். துத்தநாகமும் இரும்பும் மண்ணில் இருந்தும் வேருக்கு எட்டா. பூட்டிய பெட்டியிற் பொன் இருந்தும் பசித்திருப்பவனை ஒக்கும் அப்பயிர்.

சோடியம் மிகுந்த நீரைப் பாய்ச்சுவதால் வரும் கேடும் உண்டு. களியைப் பற்றியிருந்த சுண்ணகத்தைச் சோடியம் வெளியேற்றிவிட்டால், துகள்கள் ஒன்றோடொன்று சேராது குழம்பிப் புழைகளை அடைத்துக்கொள்ளும்; நிலம் களராகும். ஆழ்துளைக் கிணற்று உவர்நீரைச் சோதியாது கரிசலிற் பாய்ச்சுவோர் இதனைக் கருத்திற் கொள்ளுதல் நன்று. களர்நிலத்தைத் திருத்த ஜிப்சம் இடுவது, துரத்தப்பட்ட சுண்ணகத்தை மீண்டும் அழைத்து அமர்த்துவதேயாம்.

நீரும் கரிசலும்

வானம் பார்த்த பூமியில் மழை சில வாரங்களே பெய்யும். பயிரோ மாதக்கணக்கில் நிற்கவேண்டும். இவ்விடைவெளியை நிரப்புவது மண்ணில் தேங்கிய ஈரமே. ஆழ்ந்த கரிசல், ஒரு மீட்டர் ஆழத்தில் பயிருக்கு உதவும் நீரை 150 முதல் 200 மில்லிமீட்டர் வரை சேமித்து வைக்கவல்லது. ஒரு ஹெக்டேரில் ஒரு மில்லிமீட்டர் நீர் என்பது 10,000 லிட்டர். ஆகவே, கரையும் மடையும் இன்றி, 15 முதல் 20 இலட்சம் லிட்டர் நீரைக் காட்டினுள்ளேயே தாங்கும் ஒரு கண்மாய் அது. மழை ஓய்ந்த மார்கழியிலும் தையிலும், பனியே அன்றி மழையில்லாத காட்டில் பருத்தி பூத்துக் காய்ப்பது இந்நீரால்தான்.

இங்கும் கொள்ளுதலும் கொடுத்தலும் வேறுபடுகின்றன. மணல் தான் பெற்ற சிறிதளவு நீரை ஏறக்குறைய முழுவதும் பயிருக்குக் கொடுத்துவிடும். களியோ, ஒரு பெரும்பகுதியை வேரால் இழுக்கவொண்ணாதவாறு இறுகப் பற்றிக்கொள்ளும். கையிலெடுத்தால் ஈரமாய்த் தோன்றும் கரிசலிற் பயிர் வாடுவதுண்டு. ஆகையால் சிறு தூறல் செவலுக்கு உதவும், கரிசலுக்கு உதவாது. கரிசலுக்கு நின்று பெய்யும் மழை வேண்டும். அம்மழை தொடங்கும்போது, பிளவுகளின் வழியே நீர் விரைந்து இறங்கும். பிளவு மூடியபின்னரோ, மணிக்கு ஒரு மில்லிமீட்டருக்கும் குறைவாகவே நீர் உட்செல்லும். எஞ்சியது மேல்மண்ணையும் அடித்துக்கொண்டு ஓடையிற் பாயும். கரிசற்காட்டில் சரிவுக்குக் குறுக்கே உழுதலும், வரப்பிடுதலும் ஏன் இன்றியமையாதன என்பது இதனால் விளங்கும்.

நனைந்த கரிசல் ஏரையும் மாட்டையும் மனிதனையும் ஒருங்கே பற்றிக்கொள்ளும். சேற்றிற் காலை வைத்தவன் காலை எடுக்கும்போது செருப்பு உடன் வாராது. உலர்ந்தால் பாளம் கல்லாகும். உழுதற்கேற்ற பதம் சில நாளே நிற்கும். ஆதலால் மழைக்கு ஓரிரு வாரம் முன்னரே, புழுதியில் விதையைச் சற்று ஆழமாக விதைத்துவிடும் முறை இங்கே கைக்கொள்ளப்படுகின்றது. ஏறக்குறைய ஐந்து சென்டிமீட்டர் ஆழத்திற் கிடக்கும் விதை, சிறு தூறலுக்கு ஏமாறி முளையாது, அடியீரம் சேரும் நன்மழைக்கே முளைக்கும். 1901-ல் கோவிற்பட்டியில் நிறுவப்பட்ட வேளாண்மை ஆராய்ச்சி நிலையம், கருங்கண்ணிப் பருத்தியைத் திருத்தியதோடு, இத்தகைய மானாவாரி முறைகளையும் ஆராய்ந்து பரப்பிவருகின்றது. குடியானவரின் பட்டறிவும் ஆராய்ச்சியாளரின் அளவையும் இவ்விடத்தில் ஒன்றுபடுகின்றன.

கருமையின் மருமம்

இனி இரண்டாம் வினாவுக்கு வருவோம். கோயமுத்தூரிலிருந்து ஆராய்ந்த ஹாரிஸன், இராமசாமி சிவன் என்னும் இருவரும் 1912-ல் இந்தியக் கரிசல் மண்ணைப்பற்றி எழுதியபோது, அதன் நிறத்துக்கு டைட்டானியம் கலந்த காந்த இரும்புப் பொருளையும் மக்கையும் காரணமாகக் கருதினர். பின்வந்தோர், சிறிதளவு மக்கே களி ஏடுகளோடு நெருங்கிப் பிணைந்து மெல்லிய மைப்பூச்சுப்போற் பரவியிருத்தலைச் சிறப்பாக எடுத்துரைத்தனர். எவ்வாறாயினும், கருமை மிகுந்த மக்குக்கு அடையாளமன்று. குளிர்நாட்டுக் கரும்புல்வெளி மண் மக்கினால் கறுத்தது. அதிலுள்ள கரிமம் நம் கரிசலினும் பன்மடங்கு. நம் மண்ணில் உயிர்வழிக் கரிமம் பெரும்பாலும் நூற்றுக்கு அரைப்பங்கை ஒட்டியோ, அதற்குக் குறைந்தோ இருப்பது. வெயில் மிகுந்த நாட்டில் மக்கு விரைந்து எரிந்து போவதே இதற்குக் காரணம்.

ஒரு கணக்கு இடுவோம். ஒரு ஹெக்டேரில், அதாவது ஏறக்குறைய இரண்டரை ஏக்கரில், 15 சென்டிமீட்டர் ஆழமுள்ள மேல்மண்ணின் நிறை சுமார் 20 இலட்சம் கிலோகிராம். கரிமம் நூற்றுக்கு 0.4 பங்கு எனின் அது 8,000 கிலோகிராம். மக்கில் கரிமத்துக்குப் பதினொன்றில் ஒரு பங்கு நைட்ரஜன் எனக் கொண்டால், நைட்ரஜன் ஏறத்தாழ 700 கிலோகிராம். இது பெருஞ்செல்வம்போல் தோன்றும். ஆயின் ஓராண்டில் பயிருக்கு எட்டும் வடிவம் பெறுவது அதில் நூற்றுக்கு இரண்டு பங்கு எனின், கிடைப்பது 14 கிலோகிராமே. ஆயிரம் கிலோகிராம் சோளத் தானியம் மட்டுமே ஏறக்குறைய 16 கிலோகிராம் நைட்ரஜனைக் கொண்டு செல்லும். தட்டை கொண்டு செல்வது வேறு. ஆகவே, எருவிடாது ஆண்டுதோறும் அறுப்பவன் வட்டியை உண்பவனல்லன், முதலையே உண்பவன்.

1889-ல் இந்தியாவுக்கு வந்து நாடெங்கும் சுற்றிப்பார்த்த வோயெல்கர் என்னும் வேளாண்மை இரசாயன அறிஞர், 1893-ல் வெளிவந்த தம் அறிக்கையில், இந்நாட்டு நிலங்களின் பெருங்குறை எருவின்மையே என்றும், விறகின்மையால் சாணம் வரட்டியாக எரிக்கப்படுதலே அதற்குக் காரணம் என்றும் வற்புறுத்தினார். இன்று அடுப்புக்கு வேறு எரிபொருள் வந்துவிட்டது. ஆயின் டிராக்டர் வந்தபின் கொட்டிலில் மாடு குறைந்துவிட்டது. குறை ஒன்றே, காரணம் மாறியிருக்கின்றது.

செய்யத்தக்கன

மக்கு கரிசலுக்கு உணவு மட்டுமன்று. பூட்டைத் திறக்கும் திறவுகோலும் ஆகும். மக்கும்போது பிறக்கும் அமிலங்கள் பாஸ்பரஸையும் துத்தநாகத்தையும் விடுவிக்கின்றன. களித்துகள்களை மணிமணியாகச் சேர்த்துக் காற்றுக்கும் நீருக்கும் வழி திறக்கின்றன. தொழுவுரம் இடுதல், அறுவடைக்குப் பின் ஆட்டுக்கிடை அமர்த்துதல், உளுந்தும் பாசிப்பயறும் ஊடுபயிராக இட்டுக் காற்றின் நைட்ரஜனை வேர்முடிச்சுக்களால் மண்ணிற் சேர்த்தல், தட்டையையும் பருத்திமாரையும் எரித்துவிடாது மக்கவைத்தல் ஆகிய பழைய முறைகள் யாவும் இவ்வகையாற் பொருளுடையன. கண்மாயினின்றும் எடுக்கும் கரம்பை, களி குறைந்த செவலுக்கும் மணலுக்கும் பெரும்பயன் தரும்; களி மிகுந்த கரிசலுக்கு அத்துணை வேண்டுவதன்று. எவ்வெருவும் எம்மண்ணுக்கு என்று அறிந்து இடுதலே அறிவுடைமை.

அதனை அறிதற்கு மண்ணைச் சோதித்தல் வேண்டும். 2015-ல் மத்திய அரசு தொடங்கிய மண்வள அட்டைத் திட்டத்தில் கார அமில நிலை, உப்பளவு, கரிமம், பேரூட்டங்கள், நுண்ணூட்டங்கள் எனப் பன்னிரண்டு அளவைகள் குறிக்கப்படுகின்றன. சோதனைக்கு மண் எடுப்போர், வரப்போரம், மரநிழல், எருக்குவியல் கிடந்த இடம் ஆகியவற்றை விலக்கி, வயலிற் குறுக்கும் நெடுக்குமாய்ப் பத்துப் பதினைந்து இடங்களில் 15 சென்டிமீட்டர் ஆழத்துக்கு ஆப்புவடிவக் குழி வெட்டி, அதன் பக்கத்தினின்றும் சீவியெடுத்து, எல்லாவற்றையும் கலந்து, நான்காகப் பகுத்து எதிரெதிர்ப் பகுதிகளைத் தள்ளி, அரைக் கிலோகிராம் எஞ்சும் வரை குறைத்து அனுப்புதல் வேண்டும். தவறாக எடுத்த மண்ணை எத்துணைத் திறமையாகச் சோதித்தும் பயனில்லை.

மாணவர் செய்து காணத்தக்க சோதனைகள்

1. ஒரு கண்ணாடிச் சாடியில் மூன்றிலொரு பங்கு மண்ணும் எஞ்சிய பங்கு நீரும் இட்டு நன்றாகக் குலுக்கி அசையாது வைக்க. மணல் ஒரு நிமிடத்துக்குள்ளும், வண்டல் சில மணி நேரத்திலும் படியும். களி மறுநாளும் கலங்கியே நிற்கும். படிந்த அடுக்குக்களை அளந்து மண்ணின் வகையை ஒருவாறு மதிப்பிடலாம்.

2. உலர்ந்த கரிசலின்மீது நீர்த்த உப்புத் திராவகத்தில் இரண்டொரு துளி, ஆசிரியர் துணையோடு விடுக. நுரைத்தெழுவது கரியமில வாயு; அது சுண்ணாம்பின் சான்று. செவலின்மீது விட்டு ஒப்பிட்டுப் பார்க்க. சுக்கான்கல்லின்மீது எலுமிச்சஞ்சாறு விட்டாலும் இதனைக் காணலாம்.

3. இரண்டு புனல்களில் பஞ்சு வைத்து, ஒன்றில் கரிசலும் ஒன்றில் ஆற்றுமணலும் நிரப்பி, மெதிலீன் நீலச் சாயம் கரைத்த நீரை இரண்டிலும் ஊற்றுக. மணலின் வழி நீலநீரே வடியும். கரிசலின் வழி, மெல்ல, ஏறக்குறைய நிறமற்ற நீர் வடியும். நேர்மின்னேற்றமுடைய சாயத்தைக் களி பற்றிக்கொண்டதே காரணம்.

4. நனைத்துப் பிசைந்த கரிசலையும் செவலையும் ஒரே அளவுள்ள இரு தகரமூடிகளில் நிரப்பி வெயிலிற் காயவைக்க. எது எவ்வளவு சுருங்கியது என்பதை அளவுகோலால் அளந்து குறித்துக்கொள்க. சுவர் வெடிக்கும் காரணம் கண்முன் நிற்கும்.

இதுகாறும் கூறியவற்றால், கரிசலின் சிறப்பு அதன் நிறத்தில் இல்லை, அதன் களி ஏடுகளின் அமைப்பிலேயே உள்ளது என்பதும், அவ்வமைப்பே நீரையும் சத்தையும் காத்துவைக்கும் நன்மைக்கும், அவற்றை விட்டுக்கொடாத குறைக்கும் ஒருங்கே காரணம் என்பதும், மக்கு ஒன்றே அதனை ஈகையுடையதாக ஆக்கவல்லது என்பதும் பெறப்பட்டன. கரிசல் ஒரு நல்ல களஞ்சியம். ஆனால் களஞ்சியம் தானே நெல் விளைவிப்பதில்லை. அதில் இட்டவர்க்கே எடுக்க உரிமை உண்டு. கரிசற்காட்டினின்றும் கல்லூரிக்கு வந்திருக்கும் மாணவர், விடுமுறைக்கு ஊர் செல்லுங்கால் தம் நிலத்து மண்ணில் ஒரு பிடியெடுத்து இச்சோதனைகளைச் செய்து பார்ப்பாராக. தந்தையார் கையிலுள்ள மண்வள அட்டையைப் படித்து அதன் பொருளை அவருக்கு எடுத்துரைப்பாராக. பெற்ற கல்வி பிறந்த மண்ணுக்குப் பயன்படுதற்கு இதனினும் எளிய தொடக்கம் வேறில்லை.